மார்கழியில் இறுகிய ஸ்லைடு

ராணுவத்திலிருந்து ஓய்வு பெற்று வேலூர் வந்தபின், உரிமத்துடன் ஒரு சிறிய .32 பிஸ்டல் வைத்திருக்கிறேன். போன மார்கழியில் ஒரு விடியற்காலை அதன் ஸ்லைடை, அதாவது குழலின் மேல் முன்னும் பின்னும் ஓடும் உலோகப் பகுதியை, பின்னால் இழுத்து விட்டால், முழுதாக முன்னால் திரும்பாமல் அரை விரற்கடை பின்னாலேயே நின்றது. ஸ்பிரிங் தளர்ந்துவிட்டது என்றுதான் முதலில் நினைத்தேன்.

தோட்டாக்களை அடுக்கும் மேகசினைக் கழற்றி, ஸ்லைடை இழுத்துப் பிடித்து, தோட்டா அறை காலியா என்று கண்ணாலும் சுண்டு விரலாலும் பார்த்தேன். இதை மட்டும் இரண்டு முறை செய்யாமல் நான் எதையும் தொடுவதில்லை. தோட்டாக்கள் வீட்டின் வேறோர் அறைக்குப் போய்விட வேண்டும்.

பிரித்ததும் காரணம் தெரிந்தது. ஸ்லைடு ஓடும் பள்ளங்களில் வெண்மையாக, மெழுகுபோல் ஒரு படலம். அவசரத்துக்கு நான் தடவிய தேங்காய் எண்ணெய்! 24 டிகிரிக்குக் கீழே அது உறைந்துவிடும். வேலூர் வெயிலில் மறைந்திருந்த தவறு பனியில் வெளிப்பட்டது.

மண்ணெண்ணெய் நனைத்த பழைய பல் துலக்கியால் தேய்த்து, உலரத் துடைத்தேன். குழலுக்குப் பித்தளைத் தூரிகை, பின்புறமிருந்து வாய்ப்பக்கமாக; வெள்ளைத் துணி கறுக்காமல் வரும்வரை. பிறகு பள்ளத்துக்கு ஒரு சொட்டு தையல் இயந்திர எண்ணெய், அவ்வளவுதான். அதிகமானால் தூசியைச் சேர்த்துக் களிம்பாக்கிவிடும்.

தோல் உறைக்குள் வைப்பதையும் நிறுத்திவிட்டேன். தோல் ஈரத்தை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். உறை உரசிய இடத்தில் கடுகளவு துருப் புள்ளிகள் இரண்டு இருந்தன. இப்போது பருத்தித் துணியில் சுற்றி, பூட்டிய இரும்புப் பெட்டியில் இருக்கிறது.