மிஷனரி குறிப்பை மானிடவியல் சான்றாகப் படிப்பது எப்படி?

தரங்கம்பாடிக்கு 1706-இல் வந்த ஜெர்மானிய மிஷனரி சீகன்பால்கு, தமிழர் தெய்வங்களைப் பற்றி 1713-இல் ஜெர்மனில் ஒரு நூல் எழுதி முடித்தார். அது அச்சேறியது 1867-இல், சென்னையில். பதிப்பாசிரியரான வில்ஹெல்ம் ஜெர்மான் என்பவர் மூலத்தில் கைவைத்திருக்கிறார். ஆகவே முதலில் எழுதிய ஆண்டு, அச்சான ஆண்டு, பதிப்பித்தவர் பெயர் மூன்றையும் குறியுங்கள். இதைத் தவறவிட்டால் 19-ஆம் நூற்றாண்டுச் சொல்லை 18-ஆம் நூற்றாண்டின் தலையில் கட்டிவிடுவீர்கள்.

அடுத்து, எழுத்து யாருக்குப் போனது என்று பாருங்கள். பணம் தரும் ஐரோப்பிய வாசகருக்கு என்றால் 'இருள்', 'மூடநம்பிக்கை' போன்ற சொற்கள் கூடும். ஆனால் அந்த வாக்கியத்தை அப்படியே தூக்கி எறியாதீர்கள், விவரம் பெரும்பாலும் அதற்குள்தான் ஒளிந்திருக்கும்.

இனி பென்சில் வேலை. கண்டதற்கு நேர்க்கோடு, கேட்டதற்கு அலைக்கோடு, தீர்ப்புக்கு அடைப்பு. ஐயனார் கோயிலில் மண்குதிரை நிற்கிறது என்றால் நேர்க்கோடு. அவர் இரவில் ஊரைச் சுற்றிக் காவல் காக்கிறார் என்றால் அலைக்கோடு. 'பேய் வழிபாடு' என்றால் அடைப்பு. கால்டுவெல் 1849-இல் சாணார் (இன்றைய நாடார்) பற்றி எழுதிய சிறுநூலில் அடைப்புக்குறி நிறைய விழும். அந்தச் சமூகத்தாரே கொதித்தெழுந்து எதிர்த்த நூல் அது.

சீகன்பால்கு காலத்துத் தமிழர் கடிதங்கள் 99 ஜெர்மன் மொழிபெயர்ப்பில் கிடைக்கின்றன. தமிழரின் நேர்க்குரல் என்று மயங்க வேண்டாம்: கேள்வி பாதிரியாருடையது, பதில் அதன் வரம்புக்குள் நிற்கிறது. இக்கடிதங்களிலும் சீகன்பால்கு நூலிலும் 'மலபார்' என்று வருமிடமெல்லாம் தமிழ் என்றே படியுங்கள், கேரளம் அல்ல.