‘உடம்பு வெறும் கூடுதானே?’: மனிதரைப் பற்றிய கத்தோலிக்கப் போதனையில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சாவு வீட்டில் ஆறுதல் சொல்ல வருபவர்கள் அடிக்கடி சொல்லும் வார்த்தை இது: “உடம்பு வெறும் கூடுதானே, பறவை பறந்துபோச்சு.” சொல்பவரின் அன்பில் குறையில்லை. உவமையும் நமக்குப் பழகியதுதான். கூட்டை விட்டுப் பறவை பறந்தது போன்றதே உடம்போடு உயிருக்குள்ள நட்பு என்கிறது குறள். ஆனால் சற்று நேரத்தில் அதே வீட்டில் செபமாலை தொடங்கும்போது, அதே வாய் “உடலின் உயிர்ப்பை நம்புகிறேன்” என்று சொல்லும். வெறும் கூடு ஏன் உயிர்த்தெழ வேண்டும்?

மறைக்கல்வி வகுப்பில் இதைக் கேட்கும்போதெல்லாம் கொஞ்ச நேரம் யாரும் பேசுவதில்லை. மனிதர் என்றால் யார் என்ற கேள்வியில் நாம் செய்யும் பிழைகளில் பெரும்பாலானவை இந்தக் கூட்டிலிருந்துதான் கிளைக்கின்றன என்பது என் எண்ணம்.

முதல் பிழை, ஆன்மாதான் உண்மையான நான், உடல் அது குடியிருக்கும் வீடு என்று நினைப்பது. இது கிறிஸ்தவப் போதனை என்றே பலர் நம்புகிறார்கள். உண்மையில் இது பிளேட்டோவின் வழியில் வந்த எண்ணம். 13ஆம் நூற்றாண்டின் இறையியலாளர் புனித தோமா அக்குவினா இதை நேராகவே மறுத்தார். கொரிந்தியருக்கு எழுதப்பட்ட முதல் திருமுகத்தின் 15ஆம் அதிகாரத்துக்கு உரை எழுதும்போது அவர் சொன்னது: “என் ஆன்மா நான் அன்று.” ஆன்மா மட்டும் மீட்கப்பட்டால் நான் மீட்கப்பட்டவன் ஆகமாட்டேன் என்பது அவர் வாதம்.

1312இல் வியன் நகரில் (ஆஸ்திரியாவின் வியன்னா அல்ல, பிரான்சின் வியன்) கூடிய ஆயர்களின் பொதுச்சங்கம், அறிவுள்ள ஆன்மா தன்னிலேயே உடலின் ‘வடிவம்’ என்று அறிவித்தது. இந்த ‘வடிவம்’ என்ற சொல் நம்மை இடறவைக்கும். வட்டம், சதுரம் போன்ற புற வடிவம் அல்ல இது. ஒரு பொருளை அதுவாகவே இருக்கச் செய்வது எதுவோ, அதை அரிஸ்டாட்டில் மரபு வடிவம் என்றது. இறந்தவரின் கண்ணைப் பெயரளவில்தான் கண் என்கிறோம் என்று அரிஸ்டாட்டில் எழுதினார். அப்படிப் பார்த்தால், உடல் ஒன்று தயாராகக் கிடக்க ஆன்மா வந்து அதற்குள் நுழைகிறது என்பதே சரியில்லை. ஆன்மா இருப்பதால்தான் அது மனித உடல். ஆவியும் பருப்பொருளும் மனிதரில் இணைந்த இரண்டு இயல்புகள் அல்ல, அவற்றின் ஒன்றிப்பு ஒரே இயல்பு என்று கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி சொல்வதும் இதைத்தான்.

விவிலியத்தின் சொற்களையும் பாருங்கள். தொடக்க நூல் 2:7இல் கடவுள் மண்ணால் மனிதனை உருவாக்கி மூச்சை ஊதியதும், அவன் “உயிர் உள்ளவன் ஆனான்” என்றிருக்கிறது. உயிரைப் ‘பெற்றான்’ என்றல்ல, ‘ஆனான்’ என்று. பழைய மொழிபெயர்ப்பும் “ஜீவாத்துமாவானான்” என்றே அந்த வினையைக் காப்பாற்றியிருக்கிறது.

அப்படியானால் இறப்புக்குப் பின் ஆன்மா வாழாதா என்று உடனே கேள்வி வரும். வாழும். அது அழியாதது என்று 1513இல் ஐந்தாம் லாத்தரன் சங்கம் உறுதியாகச் சொன்னது. ஆனால் உடலைப் பிரிந்த ஆன்மா முழு மனிதர் அல்ல. தோமாவே இதில் தமக்கு எதிரான ஒரு கேள்வியை எழுப்பிக்கொள்கிறார். பேதுருவின் ஆன்மா பேதுரு இல்லையென்றால், “புனித பேதுருவே, எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்” என்று ஏன் கூப்பிடுகிறோம்? அவர் தரும் விடைகளில் ஒன்று எனக்கு மிகவும் பிடிக்கும்: உயிர்ப்பின் மீதுள்ள நம்பிக்கையைக் காட்டவே பெயர் சொல்லிக் கூப்பிடுகிறோம். நம் மன்றாட்டு மாலையில் ஒவ்வொரு பெயரும் அந்த நம்பிக்கையோடு ஒலிக்கிறது. (பிரிந்த ஆன்மாவை ‘ஆள்’ (person) எனலாமா என்பதில் தோமாவைப் படிப்பவர்களிடையே இன்றும் விவாதம் உண்டு. அதை இங்கே தீர்க்க முடியாது.)

இதோடு ஒட்டியதுதான், இறந்த குழந்தை ‘சம்மனசாகிவிட்டது’, அதாவது வானதூதராகிவிட்டது என்று சொல்வது. வானதூதர்கள் உடலே இல்லாத வேறு படைப்பு. மனிதர் எவ்வளவு தூய்மையானாலும் வானதூதராக மாறுவதில்லை. மனிதராகவே மாட்சி பெறுகிறார். ஆனால் பிள்ளையை இழந்த தாயிடம் போய் இதைத் திருத்த வேண்டாம். அதற்கு இடம் வகுப்பறை.

அடுத்த பிழை, ஆன்மா ஏற்கெனவே எங்கோ இருந்து இந்த உடலுக்குள் வந்தது என்பது. சைவ சித்தாந்தத்தில் உயிர் தொடக்கமற்றது. அந்தச் சிந்தனை சூழ்ந்த மண்ணில் வளர்ந்த நமக்கு இந்த எண்ணம் இயல்பாகவே வரும். 1606இல் மதுரைக்கு வந்த இயேசு சபைத் துறவி இராபர்ட் தெ நோபிலி ‘ஆத்தும நிருணயம்’, ‘புனர்ஜென்ம ஆக்ஷேபம்’ (மறுபிறப்புக்கு மறுப்பு) என்று தமிழிலேயே நூல்கள் எழுத வேண்டியிருந்தது சும்மா இல்லை. ஒவ்வோர் ஆன்மாவையும் கடவுள் நேரடியாகப் படைக்கிறார், அது உடலுக்கு முன்பு இருந்ததில்லை, இன்னோர் உடலுக்குப் போவதுமில்லை என்பதே கத்தோலிக்கப் போதனை.

அதற்காக, தாய் தந்தையர் உடலுக்கு மட்டுமே பெற்றோர் என்று எண்ணிவிடக் கூடாது. 431இல் எபேசு சங்கம் மரியாவைக் கடவுளின் தாய் என்று அழைத்ததில் இதற்கான விடையும் இருக்கிறது. தாய் பெறுவது ஓர் ஆளை, ஓர் இயல்பை அல்ல. உங்கள் அம்மா உங்கள் உடலுக்கு அம்மா அல்ல, உங்களுக்கு அம்மா.

திருத்தூதர் பவுலின் திருமுகங்களில் வரும் ‘ஊனியல்பு’ என்பதை உடல் என்று வாசிப்பது இன்னொரு பழைய பிழை. உடல் பாவத்தின் கருவி, அதை வெறுக்க வேண்டும் என்ற பேச்சு இதிலிருந்துதான் வருகிறது. கலாத்தியர் 5ஆம் அதிகாரத்தில் பவுல் தரும் ஊனியல்பின் பட்டியலை ஒருமுறை முழுதாகப் படியுங்கள். பகைமை, பொறாமை, கட்சி மனப்பான்மை எல்லாம் அதில் உண்டு. இவை உடலின் ஆசைகளா? கடவுளுக்கு முதுகு காட்டும் முழு மனிதரையே பவுல் அப்படி அழைக்கிறார்.

எரியூட்டுவது பற்றியும் ஒரு வார்த்தை. 1963 முதல் திருச்சபை அதை அனுமதிக்கிறது. ஆனால் அடக்கம் செய்வதையே விரும்புகிறது. சாம்பலைத் தூவக் கூடாது, மிக விதிவிலக்கான சூழல் தவிர வீட்டில் வைத்துக்கொள்ளவும் கூடாது என்று 2016இல் வந்த அறிவுறுத்தல் சொல்கிறது. உடல் வெறும் கூடு என்றால் இந்தக் கண்டிப்புக்கு அவசியமே இல்லை.

இனி எனக்கு மிகவும் கவலை தரும் பிழைக்கு வருகிறேன். நினைவு, அறிவு, தன்னுணர்வு இருந்தால்தான் ஒருவர் ‘ஆள்’ என்பது. தமிழில் இதற்கு ஒரு கூடுதல் ஆபத்தும் உண்டு. ‘ஆள்’ என்பதை ‘ஆளுமை’ என்பதோடு குழப்பிக்கொள்கிறோம். ஆளுமை வளரும், மாறும், நோயில் சிதையும். ஆள் அப்படியல்ல.

6ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரோமானியச் சிந்தனையாளர் போயத்தியுஸ் தந்த வரையறை, அறிவுள்ள இயல்பைக் கொண்ட தனி உள்பொருள் என்பது. கவனியுங்கள், அறிவைப் பயன்படுத்திக்கொண்டிருப்பவர் என்று அவர் சொல்லவில்லை. அறிவுள்ள இயல்பு என்கிறார். தூங்குகிறவருக்கும் கருவில் இருப்பவருக்கும் அந்த இயல்பு உண்டு. 17ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயத் தத்துவவாதி ஜான் லாக் ஒருவரின் அடையாளத்தைத் தன்னுணர்விலும் நினைவிலும் வைத்தார். அதன் பிறகு, மனிதராக இருப்பது வேறு, ஆளாக இருப்பது வேறு என்று வாதிடுபவர்கள் பெருகினார்கள். ஆன்மாவையும் உடலையும் பிரித்த பழைய பிளவு இங்கே மனத்துக்கும் உடலுக்குமான பிளவாக வேறு வேடத்தில் வருகிறது. 2024 ஏப்ரலில் வெளியான ‘திக்னித்தாஸ் இன்ஃபினித்தா’ (எல்லையற்ற மாண்பு) என்ற வத்திக்கான் ஆவணம் இதை நேரடியாகவே மறுக்கிறது. மனித மாண்பு திறமையைப் பொறுத்தது அல்ல, இருப்பைப் பொறுத்தது என்கிறது.

மறதி நோயில் பெற்ற மகனின் பெயரையே மறந்துவிட்ட பாட்டியைப் பற்றி, “அவங்க போயிட்டாங்க, உடம்பு மட்டும்தான் இருக்கு” என்று நெருங்கியவர்களே சொல்லக் கேட்டிருக்கிறேன். களைத்துப்போன மனத்திலிருந்து வரும் சொல் அது, புரிகிறது. ஆனால் போனது யார்? அங்கே ஊட்டிய கஞ்சியை விழுங்குவதும், கையைப் பிடித்தால் திருப்பிப் பிடிப்பதும் பாட்டியேதான். மகனின் பெயர் அவருக்கு நினைவில்லை. தம் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பிப் பார்க்கிறார்.