அமெரிக்காவுல செல்லோ வாசிச்சும் சொல்லிக் கொடுத்தும் வாழணும்னா என்ன பண்ணணும்

அமெரிக்காவுல கிளாசிக்கல் செல்லோவை (உக்காந்துக்கிட்டு வில்லால வாசிக்கற, பெரிய வயலின் மாதிரியான வாத்தியம்) தொழிலா எடுக்கணும்னு இருந்தா வாசிக்கறதையும் சொல்லிக் கொடுக்கறதையும் ஆரம்பத்துலேர்ந்தே சேர்த்து பிளான் பண்ணுங்க. முதல்ல சோலோயிஸ்ட் ஆயிடலாம், முடியலைன்னா டீச்சிங் இருக்கவே இருக்குன்னு நெறைய பேர் கணக்கு போடறாங்க, அந்தக் கணக்கோட போனா ரெண்டுமே அரைகுறையாதான் நிக்கும். வாசிக்க வராதவங்கதான் வாத்தியார் ஆவாங்கங்கற பேச்சு செல்லோ உலகத்துல சுத்தமா எடுபடாது.

லியனார்ட் ரோஸ்ங்கற செல்லிஸ்டையே எடுத்துக்கோங்க. 1918ல வாஷிங்டன்ல பொறந்தவர், ஃபிலடெல்ஃபியாவுல இருக்கற கர்ட்டிஸ் மியூசிக் ஸ்கூல்ல ஃபீலிக்ஸ் சாமண்ட் கிட்ட படிச்சார், இருபது வயசுலயே டாஸ்கனினி நடத்துன என்பிசி சிம்ஃபனிக்குள்ள போயிட்டார், அடுத்து கிளீவ்லேண்ட் ஆர்கெஸ்ட்ராவுல பிரின்சிபல், அதாவது செல்லோ வரிசைக்குத் தலைவர், 1943லேர்ந்து நியூயார்க் ஃபில்ஹார்மோனிக், 1951ல அதையும் விட்டுட்டு முழு நேர சோலோ. ஆனா நியூயார்க் ஜூலியார்ட் மியூசிக் ஸ்கூல்ல பாடம் எடுக்க ஆரம்பிச்சது 1947லயே, அதாவது ஆர்கெஸ்ட்ரா வேலையில இருக்கறப்பவே, 1984ல இறக்கற வரைக்கும் அதை விடல. பெரிய பேர் வாங்குன செல்லிஸ்ட்ஸ் யோ-யோ மா, லின் ஹாரல் ரெண்டு பேருமே அவரோட சிஷ்யங்க. இந்தப் பக்கம் பாத்தா அவரோட குரு சாமண்ட் 1919ல லண்டன்ல இங்கிலீஷ் கம்போஸர் எல்கரோட செல்லோ கான்செர்ட்டோவை (ஆர்கெஸ்ட்ராவோட சேர்ந்து ஒருத்தர் சோலோ வாசிக்கற பெரிய உருப்படி) முதல் தடவையா மேடையேத்துனவர். நம்ம ஊர்ல பாணி, பரம்பரைன்னு சொல்றோமே, அது அங்கயும் இருக்கு, அதனாலதான் இந்தத் தொழில்ல எந்த ஸ்கூல்ங்கறதை விட எந்த டீச்சர்ங்கறது பெரிய கேள்வி.

அந்த டீச்சரை எப்படி தேடறது? அப்ளை பண்றதுக்கு ஒரு வருஷம் முன்னாடியே ஆரம்பிங்க. நாலஞ்சு பேருக்கு மெயில் போட்டு, ஒரு டிரையல் லெசன் கிடைக்குமான்னு மரியாதையா கேளுங்க, இது அங்க ரொம்ப சகஜம், யாரும் தப்பா நினைக்க மாட்டாங்க. லெசன்ல அவர் உங்களைப் பாராட்டறாரா இல்லையாங்கறது முக்கியமே இல்ல, வெளிய வர்றப்ப உங்க சத்தத்துல ஏதாவது ஒண்ணு மாறியிருக்கா, வீட்டுக்குப் போய் அதை நீங்களே திரும்ப வரவைக்க முடியுதா, அதைப் பாருங்க. அவரோட ஸ்டுடன்ட்ஸ் வாசிக்கறதையும் கேளுங்க. எல்லாரும் ஒரே மாதிரி வாசிச்சா கொஞ்சம் யோசிங்க, ஏன்னா ஒரு நல்ல டீச்சர் கிட்ட நீளக் கை உள்ள பையன் ஒரு விதமாவும் சின்னக் கை உள்ள பொண்ணு வேற விதமாவும்தான் வாசிப்பாங்க. வருஷத்துல எத்தனை வாரம் டூர்ல இருப்பார், அப்ப அசிஸ்டன்ட் யாராவது பாடம் எடுப்பாங்களா, படிச்சு முடிச்சு அஞ்சு வருஷம் ஆன ஸ்டுடன்ட்ஸ் இப்ப எங்க இருக்காங்க, இதெல்லாம் கூச்சப்படாம கேட்டுடுங்க.

காசு விஷயத்துல கண்டிப்பா இருங்க. கர்ட்டிஸ்ல 1928லேர்ந்தே ட்யூஷன் ஃபீஸ் கிடையாது, லாஸ் ஏஞ்சலஸ் கோல்பர்ன் கன்சர்வேட்டரியிலயும் கிடையாது, மாஸ்டர்ஸுக்கு யேல் ஸ்கூல் ஆஃப் மியூசிக்ல கிடையாது, ஆனா இங்கெல்லாம் ரொம்பக் குறைச்சலான பேரைத்தான் எடுப்பாங்க. மத்த இடங்கள்ல ஸ்காலர்ஷிப் லெட்டர் வந்த உடனே குதிக்காம, வேற ஸ்கூல் குடுத்த தொகையைக் காட்டி இன்னும் கொஞ்சம் சேர்த்துத் தர முடியுமான்னு கேக்கலாம், கேக்கறவங்களுக்குத்தான் கிடைக்குது. பெரிய கடனோட வெளிய வர்ற செல்லிஸ்ட் ஆடிஷனுக்குத் தயார் பண்ண வேண்டிய நேரத்துல கடன் கட்ட ஓடிட்டு இருப்பார், இதை நான் ரொம்ப சீரியஸாவே சொல்றேன்.

பெரிய கன்சர்வேட்டரிகள்ல, அதாவது இசைக் கல்லூரிகள்ல, முதல்ல ஆளை வடிகட்டறதுக்கு பிரீஸ்கிரீன் ரெக்கார்டிங் கேப்பாங்க, கடைசி நாள் பெரும்பாலும் டிசம்பர் 1, அதுல தேறினா ஜனவரியிலேர்ந்து மார்ச்சுக்குள்ள நேர்ல ஆடிஷன். வழக்கமா கேக்கறது பாக் எழுதுன செல்லோ சூட்லேர்ந்து ஒண்ணுக்கொண்ணு மாறுபட்ட ரெண்டு பகுதி, கைத் திறமையைக் காட்டற பாப்பர் எட்யூடோ பியாட்டி கேப்ரிஸோ ஒண்ணு, ஒரு கான்செர்ட்டோவோட முதல் மூவ்மென்ட், அதாவது முதல் பாகம். ஒரு மூவ்மென்ட்டுக்குள்ள வெட்டி ஒட்டக் கூடாதுன்னு ரூல் இருக்கும், மதிச்சு நடங்க. மைக்கை ரொம்பக் கிட்ட வச்சா வில் தந்தியில உரசற சத்தம்தான் தூக்கலா விழும், கொஞ்சம் தள்ளி வைங்க. கான்செர்ட்டோவுக்கு எல்லாரும் த்வோர்ஷாக் பக்கம்தான் ஓடுவாங்க, அவர் நியூயார்க்ல நேஷனல் கன்சர்வேட்டரிக்கு டைரக்டரா இருந்தப்ப 1894–95ல எழுதுனது அது, அற்புதமான இசை. ஆனா உங்க வலது கை இன்னும் அதைத் தாங்கலைன்னா லாலோவோ ஸான்-ஸான்ஸோ சுத்தமா வாசிக்கறது எவ்வளவோ மேல்.

சம்மரை வீணாக்காதீங்க. டாங்கிள்வுட், ஆஸ்பன், நியூயார்க் ஸ்டேட்ல இருக்கற மெடோமவுண்ட்னு சம்மர் இசைப் பயிற்சி முகாம்கள் இருக்கு, எங்க இடம் கிடைச்சாலும் போங்க, பின்னாடி வேலைக்குக் கூப்பிடறவங்க பாதிப் பேரை அங்கதான் சந்திப்பீங்க.

இப்ப டீச்சிங். காலேஜ் ரெண்டாவது வருஷத்துலயே ரெண்டு மூணு சின்னப் பசங்களைப் பிடிச்சு சொல்லிக் கொடுக்க ஆரம்பிங்க, சில ஸ்கூல்ல இதுக்குன்னே பெடகாஜி, அதாவது சொல்லிக் கொடுக்கற முறை, கிளாஸும் பசங்களும் தயாரா இருப்பாங்க. ஒரு எட்டு வயசுப் பையன் இடது கையில விரல் வைக்கறப்ப கட்டை விரலை செல்லோ கழுத்துக்குப் பின்னாடி இறுக்கி அழுத்துவான், நீங்க லூஸா விடுன்னு பத்து தடவை சொன்னாலும் விட மாட்டான், ஏன்னா இறுக்கலைன்னா விரலுக்கு பலம் எங்கேர்ந்து வரும்னு அவனுக்குத் தெரியல. அப்ப கட்டை விரலை முழுசா எடுத்துட்டு வாசிக்கச் சொல்லுங்க. செல்லோ மார்புல சாஞ்சிருக்கு, கையோட எடை பின்பக்கமா இழுக்குது, அதுவே விரலுக்குப் போதும்னு அவனே கண்டுபிடிப்பான், அந்த நொடியில சத்தம் திறக்கும் பாருங்க. அன்னிக்கு ராத்திரி உங்க ப்ராக்டிஸ்ல உங்க கட்டை விரலையும் நீங்க கவனிப்பீங்க, இதுக்காகத்தான் சீக்கிரமா சொல்லிக் கொடுக்க ஆரம்பிக்கணும்ங்கறேன். சின்னப் பசங்களோட தொடர்ந்து வேலை பண்ணணும்னா சின்னக் குழந்தைகளுக்குன்னு இருக்கற சுஸுகி முறையில டீச்சர் ட்ரெயினிங் எடுத்து வைங்க, பேரன்ட்ஸ் அதை விசாரிப்பாங்க.

ஆர்கெஸ்ட்ரா வேலைக்கு வருவோம். காலியிடமெல்லாம் மியூசிஷியன்ஸ் யூனியனோட இன்டர்நேஷனல் மியூசிஷியன் பத்திரிகையில வரும். ஒரு சீட்டுக்கு நூறு பேர் கூட வருவாங்க, போக்குவரத்து, ஹோட்டல் செலவு உங்களோடதுதான். முதல் ரவுண்டு திரைக்குப் பின்னாடி நடக்கும், காலடிச் சத்தத்துல ஆணா பெண்ணான்னு தெரிஞ்சிடக் கூடாதுன்னு தரையில கார்ப்பெட் கூட போட்டிருப்பாங்க, நீங்க வாயைத் திறக்கக் கூடாது, ஏதாவது கேக்கணும்னா கூட இருக்கற ஆள் மூலமாத்தான். கேக்கறது பெரும்பாலும் ஹைடன் டி மேஜர் இல்லைன்னா வேற கான்செர்ட்டோவோட ஆரம்பம், அப்புறம் எக்ஸர்ப்ட்ஸ், அதாவது ஆர்கெஸ்ட்ரா உருப்படிகள்லேர்ந்து சின்னச் சின்னப் பகுதிகள்: பீத்தோவன் அஞ்சாவது சிம்ஃபனியோட ரெண்டாவது மூவ்மென்ட், பிராம்ஸ் ரெண்டாவது சிம்ஃபனி, மெண்டல்சன் ஸ்கெர்ட்ஸோ, தெபுஸியோட லா மேர், ஸ்ட்ராவுஸோட டான் ஹுவான்.

அந்த பீத்தோவனை எப்படித் தயார் பண்றதுன்னு மட்டும் கொஞ்சம் விரிவா சொல்றேன். வயோலாவும் செல்லோவும் சேர்ந்து ஏ ஃபிளாட் மேஜர்ல மெதுவா ஆரம்பிக்கற அந்த ராகம் கேக்கறதுக்கு ரொம்ப சாதாரணமா இருக்கும், ஆனா முதல் ரவுண்டுல நெறைய பேர் வெளிய போறது இதுலதான். 3/8 தாளம், அதுல புள்ளி வச்ச நீள ஸ்வரம், பின்னாடியே குட்டி ஸ்வரம். அந்தக் குட்டி ஸ்வரம் ரெண்டும் சேர்ந்த நேரத்துல நாலுல ஒரு பங்கு, உணர்ச்சியா வாசிக்கறோம்னு விட்டா மூணுல ஒரு பங்கா வழிஞ்சிடும், ஆடிஷன் கமிட்டியோட காது அங்கதான் இருக்கு. மெட்ரோனோமை (தாளம் தட்டற கருவி) முப்பத்திரண்டாம் ஸ்வரம் ஒவ்வொண்ணுக்கும் ஒரு தட்டா தட்ட விட்டு பாதி வேகத்துல வாசிங்க, அப்புறம் எட்டாம் ஸ்வரத்துக்கு ஒரு தட்டு, அப்புறம் பாருக்கு ஒரு தட்டு, கடைசியா தட்டே இல்லாம ரெக்கார்ட் பண்ணிட்டு அதுக்கு மேல மெட்ரோனோமை ஓட விட்டுக் கேளுங்க. டோல்ச்சே, அதாவது இனிமையான்னு, போட்டிருக்கேன்னு வில்லோட எடையைக் குறைச்சா சத்தம் காத்தாப் போயிடும், வேகத்தைக் குறைச்சு தந்தியோட தொடர்பை அப்படியே வச்சுக்கோங்க. விரலமைப்பை ஒரு தடவை முடிவு பண்ணிட்டா ஆடிஷன் வாரத்துல மாத்தவே மாத்தாதீங்க.

ஜெயிச்சாலும் உடனே பர்மனென்ட் கிடையாது, ப்ரொபேஷன் உண்டு, அப்புறம்தான் டென்யூர், அதாவது நிரந்தர வேலை. சில சமயம் யாரையுமே எடுக்காம கமிட்டி கலைஞ்சிடும், அதை உங்க மேல வந்த தீர்ப்பா எடுத்துக்காதீங்க. இடைப்பட்ட காலத்துக்கு மயாமி பீச்ல இருக்கற நியூ வேர்ல்ட் சிம்ஃபனி ரொம்ப நல்ல இடம், மைக்கேல் டில்சன் தாமஸ் 1987ல ஆரம்பிச்சது, தங்க இடமும் ஸ்டைபெண்டும் (உதவித்தொகை) குடுத்து மூணு வருஷம் வரைக்கும் ஆர்கெஸ்ட்ரா வாழ்க்கைக்குத் தயார் பண்றாங்க.

ஃப்ரீலான்ஸா ஓடறப்ப கச்சேரிக்கும் லெசனுக்கும் வர்ற காசுல டாக்ஸ் பிடிச்சிருக்க மாட்டாங்க, செல்ஃப் எம்ப்ளாய்மென்ட் டாக்ஸ் மட்டுமே 15.3 சதவீதம், இன்கம் டாக்ஸ் தனி, மூணு மாசத்துக்கு ஒரு தடவை மாதிரி முன்கூட்டியே கட்டணும். அதனால ஒவ்வொரு செக்லயும் ஒரு பங்கைத் தனி அக்கவுண்ட்ல தள்ளுங்க, ஸ்ட்ரிங்ஸ், வில்லுக்கு முடி மாத்தறது, இன்ஷூரன்ஸ், கார் மைலேஜ் எல்லாத்துக்கும் ரசீது வைங்க. ஃபிளைட்ல செல்லோவுக்கு தனி சீட் வாங்குங்க, 2012 சட்டப்படி பெட்டியோட சேர்த்து 165 பவுண்டுக்குள்ள இருந்தா சீட்ல வைக்க வழி இருக்கு, ஆனா புக் பண்றப்பவே போன்ல சொல்லி ஜன்னல் சீட் உறுதி பண்ணிக்கோங்க.

யுனிவர்சிட்டி வேலைக்கு இப்ப பெரும்பாலும் டிஎம்ஏ, அதாவது இசையில டாக்டர் பட்டம், கேக்கறாங்க, அது இல்லைன்னா அதுக்கு ஈடான மேடை அனுபவம் வேணும். செல்லிஸ்ட் யானோஸ் ஸ்டார்கர் டல்லஸ், மெட்ரோபாலிடன் ஓபரா, சிகாகோன்னு ஆர்கெஸ்ட்ராக்கள்ல பிரின்சிபல் நாற்காலியில உக்காந்துட்டு 1958ல இண்டியானா யுனிவர்சிட்டிக்குப் போனவர், அங்கேர்ந்தே உலகம் முழுக்க வாசிச்சார், பாடமும் எடுத்தார், அந்த யுனிவர்சிட்டி இருக்கற ப்ளூமிங்டனைத் தேடி செல்லிஸ்ட்ஸ் வந்தாங்க. இன்டர்வியூ அன்னிக்கு ஒரு ரிசைட்டல், அதாவது தனிக் கச்சேரி, வாசிக்கணும், ஃபேகல்ட்டியோட, டீனோட பேசணும், முன்ன பின்ன பாக்காத ஒரு ஸ்டுடன்ட்டுக்கு எல்லாரும் பாக்க மாஸ்டர் கிளாஸ் எடுக்கணும். ரிசைட்டலுக்கு தயார் பண்ற அளவுக்கு இந்த மாஸ்டர் கிளாஸுக்கும் தயார் பண்ணுங்க. இருவது நிமிஷத்துல உங்களுக்குத் தெரிஞ்ச அத்தனையும் கொட்ட வேண்டாம், அந்தப் பொண்ணு வாசிக்கறதைக் கடைசி வரைக்கும் குறுக்கிடாம கேளுங்க, நல்லா இருந்த ஒரு இடத்தைக் குறிப்பா சொல்லுங்க, அப்புறம் பின்னாடி சீட்ல இருக்கறவங்களுக்கும் வித்தியாசம் கேக்கற மாதிரி ஒரே ஒரு விஷயத்தை, வில்லோட நீளத்தை ஸ்வரங்களுக்குப் பிரிக்கறதோ தோள் இறுக்கமோ, எடுத்து மாத்திட்டு அதே பகுதியை இன்னொரு தடவை அவளை வாசிக்கச் சொல்லிட்டு நீங்க ஓரமா நில்லுங்க.